மனிதக் கை படாதது

மின்னல் கார்டுத் தட்டைக் கீழே போட்டது ஒரு வியாழக்கிழமை பிற்பகல் மூன்றேகால் மணிக்கு. நேரத்தை இத்தனை துல்லியமாகச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. நான்கு மணிக்கு அந்தத் தட்டு கம்ப்யூட்டர் அறைக்குள் போயாக வேண்டும். தவறினால் அடுத்த வியாழன்தான். அந்தக் காலத்துக் கம்ப்யூட்டர் ஒரு மாடி முழுவதையும் அடைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கும். பெரிய மனிதர்களெல்லாம் அதனிடம் கணக்குக் கேட்க முறை வைத்துக் காத்துக் கிடப்பார்கள்.

மின்னல் என்பது அலுவலகத்தில் வைத்த பெயர். கார்டு அடிக்கும் இயந்திரத்தின் முன்னால் உட்கார்ந்துவிட்டால் அவள் விரல்கள் கண்ணுக்குப் பிடிபடாது. கையெழுத்தில் வரும் தாளைப் பார்த்து, அதிலுள்ள எண்களைத் தடித்த காகிதக் கார்டுகளில் துளைகளாக அடித்துக் கொடுப்பதுதான் வேலை. கம்ப்யூட்டருக்குத் துளையைத் தவிர வேறு எதுவும் படிக்கத் தெரியாது. காலையில் சம்பளப் பட்டியல், மதியம் மழை அளவு, இடைப்பட்ட நேரத்தில் பீப்பி சாரின் பாட்டு.

பீப்பி சார் இசைக் கல்லூரியில் பேராசிரியர். கம்ப்யூட்டரை வைத்து இசை செய்ய முடியும் என்று நான்கு வருடம் படியேறி இறங்கி, வாரத்துக்கு ஒரு மணி நேரம் வாங்கி வைத்திருந்தார். அதுவரை அவருடைய இசை பீப், பீப் என்றுதான் வந்துகொண்டிருந்தது. அதனால் அந்தப் பெயர். அவர் காதுபட யாரும் சொன்னதில்லை, ஆனால் அவருக்குத் தெரியும்.

ஒரு கார்டுக்கு ஒரு ஒலி. எவ்வளவு உயரம், எவ்வளவு நேரம், எவ்வளவு சத்தம் என்று மூன்று எண்கள். தட்டில் கார்டுகள் எந்த வரிசையில் இருக்கின்றனவோ அதே வரிசையில் ஒலி வரும். நடுநடுவே சில இடங்களில் மட்டும், 'இங்கே நீயே ஒன்றைத் தேர்ந்துகொள்' என்று கம்ப்யூட்டருக்குக் கொஞ்சம் சுதந்திரம் கொடுத்திருந்தார். முடிவு ஒரு டேப்பில் பதிவாகி, அதை வேறொரு கட்டடத்துக்கு அனுப்பி ஒலியாக மாற்றி, அவர் காதில் விழ ஒரு வாரம் ஆகும். ஒரு வாரம் கழித்துத்தான் தான் என்ன எழுதினோம் என்பதே அந்த மனிதருக்குத் தெரியும்.

அன்றைக்குக் கம்ப்யூட்டர் அறை வாசலில் கேபிள் போடுவதற்காகத் தரைப் பலகை ஒன்றைப் பெயர்த்து வைத்திருந்தார்கள். மின்னல் பார்க்கவில்லை. கால் இடறி, அறுநூற்றுப் பன்னிரண்டு கார்டும் தரையெங்கும் பரவின.

இப்படி ஏதாவது நடக்கும் என்றுதான் ஒவ்வொரு கார்டின் கடைசியிலும் வரிசை எண் அடிக்க வேண்டும் என்று விதி. சம்பளப் பட்டியலுக்கு அவள் ஒழுங்காக அடிப்பாள். பாட்டுக்கு அடிப்பதில்லை. பீப்பி சார் தினமும் வந்து நடுவில் நான்கு கார்டைச் செருகச் சொல்வார். எண் போட்டிருந்தால் அதற்குப் பிறகு வரும் அத்தனையையும் திரும்ப அடிக்க வேண்டும். பாட்டுதானே, இதிலென்ன சம்பளம் மாறிப் போய்விடப் போகிறது என்று விட்டிருந்தாள். இன்னொரு காவலும் உண்டு. அடுக்கின் மேல்விளிம்பில் சிவப்புப் பேனாவால் கோணலாக ஒரு கோடு இழுத்துவிட்டால், எந்தக் கார்டு இடம் மாறினாலும் கோடு உடைந்து காட்டிக்கொடுக்கும். அந்தக் கோட்டையும் அவள் கொடுக்கும் நேரத்தில்தான் இழுப்பது வழக்கம்.

தட்டைத் தவறவிட்டால் பதிவேட்டில் எழுதி மேற்பார்வை மேடத்திடம் கையெழுத்து வாங்க வேண்டும். அந்தப் பதிவேட்டில் ஒரு வரி விழுந்தால், ஆறு வருடமாகத் தற்காலிகமாகவே இருக்கும் அவளுக்கு நிரந்தரம் என்ற பேச்சே கிடையாது. நிரந்தரம் இல்லையென்றால் குவார்ட்டர்ஸ் இல்லை.

குவார்ட்டர்ஸ் என்றால் அவளுக்குக் கதவு. வீட்டில் ஒரே அறை, நடுவில் திரை. அந்தப் பக்கம் கணவனின் அண்ணன், ஓரகத்தி, நான்கு பிள்ளைகள். இந்தப் பக்கம் இவர்கள் இரண்டு பேர். கல்யாணமாகி எட்டு வருடமாக இந்த ஏற்பாடுதான். இவள் இருமினால் அந்தப் பக்கத்திலிருந்து, "தண்ணி குடிங்க சித்தி" என்று குரல் வரும். பிள்ளைகள் நல்ல பிள்ளைகள். அதுதான் அவளுக்கு இன்னும் ஆத்திரமாக இருந்தது, கோபித்துக்கொள்ளக்கூட வழியில்லை.

மின்னல் மண்டியிட்டுக் கார்டுகளை வாரினாள். தாளை வைத்துச் சரிபார்த்து அடுக்க இரண்டு நாள் பிடிக்கும். அவளிடம் நாற்பது நிமிடம் இருந்தது. துளைகளைப் பார்த்தே எண் படிக்க அவளுக்குத் தெரியும். நீளமான ஒலியெல்லாம் கொஞ்சம் சேர்ந்து, உயர்ந்ததெல்லாம் கொஞ்சம் தள்ளி, கண்ணுக்கு ஏதோ ஒழுங்காகத் தெரிகிற மாதிரி அடுக்கினாள். மேலே சிவப்புக் கோடு ஒன்றை நேர்த்தியாக இழுத்தாள். நான்குக்கு இரண்டு நிமிடம் இருக்கும்போது ஜன்னல் வழியே தட்டை உள்ளே தள்ளிவிட்டு, கழிவறைக்குப் போய் முகம் கழுவிக்கொண்டாள்.

அடுத்த வாரம் பீப்பி சார் வந்தார். அவர் திட்டவில்லை. பிஸ்கட் பெட்டி ஒன்றை மேசைமேல் வைத்துவிட்டு, "வாம்மா, வந்து கேளு" என்று ஒலி அறைக்குக் கூட்டிப்போனார். ஸ்பீக்கரிலிருந்து தாழ்ந்த ஒலிகள் ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. மேலே போகும்போலத் தோன்றும், போகாது. காத்திருந்து அலுத்த நேரத்தில் ஒரே ஒரு மெல்லிய ஒலி உச்சியில் கேட்டது. பீப்பி சார் மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"நான் எழுதினது இது இல்லம்மா," என்றார்.

மின்னல் மென்று விழுங்கினாள். "சார், அது வந்து…"

"அதுவே எழுதியிருக்கு. கொஞ்சம் இடம் கொடுத்தேன் பாரு, மொத்த இடத்தையும் எடுத்துக்கிச்சு. மெஷினுக்குப் புரிஞ்சிருச்சும்மா. முப்பது வருஷமா நான் தேடினத அது ஒரு மணி நேரத்துல கண்டுபிடிச்சிருச்சு."

அவர் கண்ணில் நீர் நின்றது. அந்த நேரத்தில் உண்மையைச் சொல்ல அவளுக்கு மனம் வரவில்லை. அப்படித்தான் பின்னால் தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். நிஜத்தில் அவளுக்கு வந்தது பெரிய நிம்மதி. தப்பித்தோம் என்று நினைத்தாள். மாட்டிக்கொண்டது அந்த நிமிடத்தில்தான் என்பது அப்போது தெரியவில்லை.

இரண்டு மாதத்தில் பத்திரிகைக்காரர்கள் வந்து போனார்கள். கம்ப்யூட்டர் நிலையத்தின் இயக்குநர் அதுவரை பீப்பி சாரைப் படிக்கட்டில் பார்த்தால் வேறு பக்கம் திரும்பிக்கொள்பவர், இப்போது அவர் தோளில் கைபோட்டுப் படம் எடுத்துக்கொண்டார். இசைக்கென்று தனிப் பிரிவு என்றார்கள். அதற்கு ஒரு நிரந்தரப் பணியிடம் என்றார்கள். அந்தக் கோப்பில் மின்னலின் பெயர் ஏறியது. மேற்பார்வை மேடமே தேடிவந்து சொன்னாள்.

"இந்தப் பாட்டு வேலை நின்னா ஃபைலும் நின்னுரும். அதனால அந்த மனுஷன் கேக்கறத முகம் சுளிக்காம செஞ்சு கொடு."

"சரி மேடம்," என்றாள் மின்னல்.

அத்தனை நாளும் அதே டேப்பைப் போட்டுக் காட்டிக்கொண்டிருந்த பீப்பி சார் அதன்பிறகுதான் புதிதாக எழுதினார். அந்தத் தட்டை அவள் கண்ணும் கருத்துமாகத் தாளில் உள்ளபடியே அடித்துக் கொடுத்தாள். ஒரு வாரம் கழித்து டேப் வந்தது. பழைய பீப்.

"உயிரே இல்லையேம்மா," என்றார் பீப்பி சார். கம்ப்யூட்டருக்கு ஏதோ ஆகிவிட்டது என்றார். பொறியாளர்கள் மூன்று வாரம் அலமாரி அலமாரியாகத் திறந்து பார்த்தார்கள். ஒன்றும் இல்லை என்று அவர்கள் சொல்லச் சொல்ல, இவர் முகம் சுருங்கிக்கொண்டே போனது. இயக்குநர் மறுபடியும் படிக்கட்டில் வேறு பக்கம் திரும்ப ஆரம்பித்தார். கோப்பு எந்த மேசையில் நிற்கிறது என்று கேட்டால் யாரும் பிடிகொடுக்கவில்லை.

நான்காவது வாரம் மின்னல் உணவு இடைவேளையில் கார்டுகளை எடுத்துக்கொண்டு கிடங்கு அறைக்குள் போய்த் தாழ் போட்டுக்கொண்டாள். ஜன்னல் இல்லாத அறை. கார்டுகள் ஈரத்தில் உப்பிவிடக் கூடாது என்று குளிர்ந்த காற்றை ஓட்டிக்கொண்டே இருப்பார்கள். சீட்டுக் கலைப்பது போலக் கலைத்துக் கொடுத்துப் பார்த்தாள். வந்தது பழைய பீப்பைவிட மோசம். அப்போதுதான் அவளுக்கு உறைத்தது, அன்றைக்குத் தரையில் உட்கார்ந்து தான் அடுக்கியது வெறும் குருட்டாம்போக்கு அல்ல என்று. அந்தப் பழைய டேப்பை ஒலி அறையில் பத்துத் தரம் போட்டுக் கேட்டாள். பிறகு கார்டுகளை எடுத்துவைத்து, துளைகளைப் பார்த்து, வாய்க்குள்ளேயே பாடிப் பார்த்தாள். இதற்குப் பிறகு இது வந்தால் சரியில்லை, அது வந்தால் சரி. ஏன் என்று கேட்டால் சொல்லத் தெரியாது. கை மட்டும் சரியான கார்டுக்குப் போய் நின்றது.

அந்தத் தட்டின் டேப் வந்ததும் பீப்பி சார் மறுபடியும் கண்ணாடியைத் துடைத்தார். கோப்பு நகர்ந்தது.

அதன்பின் இரண்டு வருடம் இதே கதை. திங்களிலிருந்து புதன்வரை உணவு இடைவேளையில் கிடங்குக்குள் போவாள். வியாழன் தட்டைத் தள்ளுவாள். மேற்பார்வை மேடம் அவள் தூங்கப் போகிறாள் என்று நினைத்துக்கொண்டு, "வயசுக்கேத்த தூக்கம்" என்று எல்லோரிடமும் சொன்னாள். லீவு போட முடியாது. ஒரு முறை காய்ச்சலில் விழுந்து வராமல் போனதற்கு, வேறொருத்தி அடித்த தட்டு பீப் என்று வந்து, பொறியாளர்களை மறுபடி கூப்பிட்டார்கள். அம்மாவைப் பார்க்க ஊருக்குப் போவதென்றாலும் வெள்ளி மாலை கிளம்பி ஞாயிறு மாலைக்குள் திரும்பியாக வேண்டும். "அந்த மெஷின் உன்னைக் கட்டிக்கிச்சா?" என்று அம்மா கேட்டாள்.

மகிழ்ச்சி இல்லாமல் இல்லை. கிடங்கில் ஒரு வரிசை கூடிவரும்போது அவளுக்கு உடம்பெல்லாம் லேசாகும். பசி தெரியாது. ஒரு இடத்தைச் சரிசெய்ய மூன்று நாள் யோசித்திருக்கிறாள், பேருந்தில், சமையலில், கணவன் பேசிக்கொண்டிருக்கும்போதே. ஆனால் வியாழன் நான்கு மணிக்கு மேல் அது அவளுடையது இல்லை. விருந்தினர்கள் வருவார்கள். இவள் நாற்காலி எடுத்துப் போடுவாள். பீப்பி சார் ஸ்பீக்கரைக் காட்டி, "இந்த இடத்துல ஒரு மனுஷனா இருந்தா மேல போயிருப்பான். மெஷின் காத்திருக்கு பாருங்க" என்பார். தன் மனசுக்குள் நடந்ததை இன்னொருவர் இன்னொன்றின் பேரில் விளக்கிச் சொல்லக் கேட்டுக்கொண்டு நிற்பது எப்படி இருக்கும் என்று அவளால் யாரிடமும் சொல்ல முடியவில்லை. நாற்காலிகளை மடக்கி வைத்துவிட்டு வீட்டுக்குப் போவாள். அங்கே திரைக்கு அந்தப் பக்கம் ஆறு பேர்.

அவள் கணவன் அச்சகத்தில் பிழை திருத்துபவன். கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு உட்காரும் வேலை. பழக்கதோஷத்தில் கடைப் பலகை, பேருந்துச் சீட்டு எதையும் விடமாட்டான். சொந்தக் கல்யாணப் பத்திரிகையில் ஒரு காற்புள்ளி தப்பு என்று மாமனாருக்குக் கடிதம் எழுதியவன். ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் அவன் அலுவலகப் பையிலிருந்து ஒரு தாளை எடுத்தான்.

"உங்க ஆபீஸ் விஷயம்தான். ரெக்கார்டு போடறாங்களாமே. அதோட உறை எங்ககிட்ட அச்சுக்கு வந்திருக்கு. சரியா இருக்கான்னு பாரு."

உறையில் கம்ப்யூட்டரின் படம். கீழே, 'இசை: கம்ப்யூட்டர். வழிகாட்டல்: பேராசிரியர்.' அதற்கும் கீழே சாய்ந்த எழுத்தில், 'மனிதக் கை படாதது.'

மின்னல் நெடுநேரம் பார்த்தாள்.

"என்ன, தப்பா?" என்றான் அவன். குரலில் ஆர்வம் தெரிந்தது.

"ஆமா."

"எந்த வரி?"

"எல்லா வரியும்."

திரைக்கு அந்தப் பக்கம் பிள்ளைகள் ஏதோ விளையாட்டில் அடித்துக்கொண்டிருந்தன. அந்தச் சத்தத்தின் மறைவில் அவள் முழுவதையும் சொன்னாள். தட்டு விழுந்தது, கோடு இழுத்தது, கிடங்கு, இரண்டு வருடம். அவன் தாளை மடியில் வைத்துக்கொண்டு கேட்டான்.

"அப்ப அந்தப் பாட்டெல்லாம் நீ போட்டதா?"

"அடுக்கினது நான்."

"அடுக்கினதுன்னா?"

"நான்தாங்க," என்றாள். வாய்விட்டுச் சொன்னது அதுதான் முதல் தடவை. அழுகை வந்தது, அடக்கிக்கொண்டாள்.

அவன் சிவப்புப் பேனாவை எடுத்தான், மூடினான், திறந்தான். "தப்புன்னு தெரிஞ்சப்புறம் அச்சுக்கு விடக் கூடாது," என்றான். பிறகு திரையைப் பார்த்தான். அதன்பின் குரலைத் தாழ்த்தி, "குவார்ட்டர்ஸ் ஆர்டர் எப்ப வரும்?" என்று கேட்டான்.

"அடுத்த மாசம் பெரிய மனுஷங்கள கூப்பிட்டுப் போட்டுக் காட்டறாங்க. அன்னிக்கு கையெழுத்தாம்."

"ஆர்டர் வந்தப்புறம் சொன்னா?"

கேட்டதற்காக அவனே வெட்கப்பட்டுத் தாளைப் பைக்குள் வைத்துவிட்டான். அவன்மேல் அவளுக்குக் கோபம் வரவில்லை. இரண்டு வருடமாக அவள் தன்னிடமே கேட்டுக்கொண்டிருந்த கேள்விதான் அது.

ஆனாலும் 'மனிதக் கை படாதது' என்ற அந்த மூன்று சொற்கள் அவளை விடவில்லை. திங்கள் காலை நேரே பீப்பி சாரின் அறைக்குப் போனாள். உட்காரச் சொன்னார், உட்காரவில்லை. நின்றுகொண்டே எல்லாவற்றையும் சொன்னாள். ஒன்றையும் பூசி மெழுகவில்லை. வேலை போனாலும் போகட்டும் என்று தயாராகத்தான் வந்திருந்தாள். அவர் கத்துவார், அல்லது உடைந்து போவார் என்று எதிர்பார்த்தாள்.

அவர் சிரித்தார். கேலிச் சிரிப்பில்லை, அன்பான சிரிப்பு. அதுதான் அவளை நிலைகுலைய வைத்தது.

"உனக்கு சங்கீதம் தெரியுமாம்மா?"

"தெரியாது சார்."

"எழுதின நோட்டைப் படிக்கத் தெரியுமா?"

"துளை படிக்கத் தெரியும்."

"சரி," என்று மேசை இழுப்பறையிலிருந்து நாற்பது கார்டுகளை எடுத்து நீட்டினார். "இத அடுக்கு பாப்போம்."

அவர் மேசையிலேயே அடுக்கினாள். கால் மணி நேரம் ஆனது. அவர் ஒவ்வொரு கார்டாகப் படித்துத் தாளில் குறித்துக்கொண்டு, மூலையிலிருந்த பியானோவில் வாசித்தார். பாதியில் அவர் முதுகு நிமிர்ந்தது. முடித்துவிட்டு, விரல்களைக் கட்டைகள்மேலேயே வைத்துக்கொண்டிருந்தார். இப்போது சொல்வார் என்று நினைத்தாள்.

"ஆச்சரியமா இருக்கும்மா," என்றார் மெதுவாக. "ரெண்டு வருஷமா அதக் கேட்டுக் கேட்டு, அதோட பாணி உனக்குள்ள இறங்கியிருக்கு."

"சார், அதோட பாணி இல்ல. என்…"

"சங்கீதமே தெரியாத ஒரு பொண்ணுக்கு மெஷின் கத்துக் கொடுத்திருக்கு. என் கட்டுரைல இத நான் சேக்கணும்." அவர் ஏற்கெனவே பேனாவைத் தேடிக்கொண்டிருந்தார். "தட்டு விழுந்தது உண்மையா இருக்கலாம். ஒரு தடவை ரெண்டு கார்டு மாறியிருக்கும். அதுக்காக மனச போட்டு அலட்டிக்காத. நான் யார்கிட்டயும் சொல்லமாட்டேன்."

அவர் நல்ல மனிதர். பொய் சொல்லவில்லை, ஏமாற்றவில்லை, மனப்பூர்வமாக நம்பினார். கெட்டவராக இருந்திருந்தால் சண்டை போட்டிருக்கலாம். மின்னல் படியிறங்கி வந்து கார்டு இயந்திரத்தின் முன்னால் உட்கார்ந்தாள். நிஜத்தைச் சொன்ன பிறகும் மாட்டிக்கொண்ட இடத்துக்கு உள்ளேயே இருந்தாள்.

அன்றிலிருந்து இரண்டு நாள் யோசித்தாள். ஒரே ஒரு வழிதான் பாக்கி இருந்தது. பெரிய மனிதர்கள் முன்னால் போட்டுக் காட்டப்போகும் தட்டை அவள் தொடக் கூடாது. பீப்பி சார் எழுதியதை எழுதியபடியே, வரிசை எண்ணோடு அடித்துக் கொடுத்துவிட வேண்டும். பீப் என்று வரும். அத்தனை பேர் முன்னால் வரும். அப்போது அவரே எழுந்துநின்று அவளைத் தேடுவார். இயக்குநர் கையெழுத்துப் போடமாட்டார், கதவு போகும். கணவனிடம் சொன்னாள். அவன் சாப்பிட்டுக்கொண்டிருந்தான். கையை நிறுத்தி, திரையைப் பார்க்காமல் அவளைப் பார்த்து, "செய்" என்றான். அந்த ஒரு சொல்லுக்காக அவனுக்கு எதையும் மன்னிக்கலாம் என்று அவளுக்குத் தோன்றியது.

எழுநூறு கார்டு. ஒன்றைக்கூட இடம் மாற்றவில்லை. தாளில் இருந்த எண்களை அடித்தாளே தவிர, என்ன எண் என்று மனதில் வாங்கிக்கொள்ளவில்லை. வாங்கினால் கை சும்மா இருக்காது என்று பயம். வியாழன் நான்கு மணிக்குத் தட்டைத் தள்ளியபோது இரண்டு வருடத்தில் முதல் தடவையாக அவளுக்குப் பசித்தது.

காட்டும் நாளில் கூடத்தில் எள் போட்டால் எள் விழாது. மின்னல் பின்சுவரை ஒட்டி நின்றாள். பீப்பி சார் சிறிது பேசினார். விளக்கைக் குறைத்தார்கள். ஸ்பீக்கரில் முதல் ஒலி வந்தது. தாழ்ந்தது, நீளமானது. அதன்பின் இன்னொரு தாழ்ந்தது. மேலே போகப்போகிறது என்று காதுக்குத் தோன்றியது. போகவில்லை.

தான் எப்போதோ தன்னையறியாமல் மாற்றிவிட்டோமோ என்று ஒரு கணம் நினைத்தாள். மாற்றவில்லை, வரிசை எண் ஒன்றிலிருந்து எழுநூறுவரை அவளே அடித்தது. அப்படியும் அவள் மூன்று நாள் யோசித்துக் கண்டுபிடித்த திருப்பம் வந்தது. உச்சியில் தனியே ஒரு மெல்லிய ஒலியை விட்டு நிறுத்துவது வந்தது. அதற்கு முன்னால் இரண்டு குட்டை ஒலிகளைப் போட்டுக் காதை ஏமாற்றும் அவளுடைய வழக்கம்கூட அப்படியே வந்தது.

இரண்டு வருடம் அந்த டேப்புகளைக் கேட்டுக் கேட்டு, பீப்பி சாரின் கைக்கு அவளுடைய பாணி வந்துவிட்டிருந்தது. வந்துவிட்டது என்பது அவருக்கே தெரியாது. தான் கொடுத்த இடத்தை எடுத்துக்கொண்டு கம்ப்யூட்டர் விளையாடுகிறது என்று முன்வரிசையில் உட்கார்ந்து கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தார். இனி அவள் தட்டைத் தொட்டாலும் ஒன்றுதான், தொடாவிட்டாலும் ஒன்றுதான். தான் செய்தோம் என்பதற்கு அவளைத் தவிர உலகத்தில் வேறு சாட்சி இல்லாமல் போயிற்று.

எல்லோரும் எழுந்து நின்று கைதட்டினார்கள். கைதட்டலுக்கு நடுவே மேற்பார்வை மேடம் நெருக்கித் தள்ளிக்கொண்டு வந்து ஒரு உறையை அவள் கையில் திணித்தாள்.

"கையெழுத்தாயிருச்சு. பெர்மனென்ட், குவார்ட்டர்ஸ், எல்லாம். அந்த மெஷின் இருக்கற வரைக்கும் உன்ன யாரும் அசைக்க முடியாது."

மின்னலுக்குச் சந்தோஷமாக இருந்தது. அதைச் சொல்லாமல் விட முடியாது. கதவு கிடைத்துவிட்டது என்று உள்ளுக்குள் ஏதோ துள்ளியது. அதற்காக அவள் தன்னை வெறுத்ததும் உண்மை.

அந்த மாதக் கடைசியில் ஒரு சனிக்கிழமை மதியம் குடிபோனார்கள். இரண்டு அறை, ஒரு சமையலறை, மூன்று கதவு. ஓரகத்தி பாத்திரங்களைக் கட்டிக்கொடுத்தாள், பிள்ளைகள் அழுதன. கணவன் மீதிச் சாமானை எடுத்துவரப் போயிருந்தான். போகும்போது வாசற்கதவை மூன்று தடவை திறந்து மூடிப் பார்த்துவிட்டுத்தான் போனான். வெறும் வீடு. பேசினால் சுவரிலிருந்து குரல் திரும்பி வந்தது.

மின்னல் பெருக்கிக்கொண்டே பாட ஆரம்பித்தாள். இரண்டு வருடமாக வாய்க்குள்ளேயே முனகியதை முதல் தடவையாக வாய் திறந்து பாடினாள். ரெக்கார்டில் வந்திருந்த பாட்டு, அவள் மனதுக்கு மிகவும் பிடித்தது. உச்சிக்குப் போவதற்கு முந்தைய இடம் அவளுக்கு எப்போதுமே ஒரு குறையாகத்தான் இருந்தது. அவசரத்தில் அடுக்கியது. இப்போது பாடும்போது அந்த இடம் தானாக வேறு விதமாகத் திரும்பியது. அப்படித்தான் இருந்திருக்க வேண்டும் என்று நின்று, மறுபடி பாடினாள். அழகாக இருந்தது.

சமையலறை ஜன்னலுக்கு வெளியே பக்கத்து வீட்டம்மா துணி காயப்போட்டுக்கொண்டிருந்தாள். கம்ப்யூட்டர் அறையில் வேலை செய்பவரின் மனைவி.

"நீங்கதான் புதுசா வந்தவங்களா? அந்த மெஷின் பாட்டுதான பாடறீங்க?"

"ஆமாங்க," என்றாள் மின்னல்.

"எங்க வீட்ல ரெக்கார்டு இருக்கு. அவர் தினம் போடுவாரு, எனக்கு மனப்பாடம். நல்லா பாடறீங்க, அப்படியே மெஷின் மாதிரி இருக்கு." ஒரு சட்டையை உதறிக் கொடியில் போட்டாள். "ஒரே ஒரு எடத்துல மட்டும் தப்பு விடறீங்க. மேல போறதுக்கு முன்னாடி. அங்க அப்படி வராது."

மின்னல் துடைப்பத்தைப் பிடித்துக்கொண்டு நின்றாள். பக்கத்து வீட்டம்மா அடுத்த துணியை எடுக்காமல், சரியாக வருகிறதா என்று கேட்பதற்குக் காத்திருந்தாள்.

மின்னல் மறுபடி முதலிலிருந்து பாடினாள். அந்த இடம் வந்ததும் ரெக்கார்டில் இருக்கிறபடி பாடினாள்.

"இப்ப சரி," என்றாள் பக்கத்து வீட்டம்மா.